லாரி நிற்கும்போது வகை மாற்றுதல்

மார்ச் 3, திங்கள்

இன்றைய நேரலையில் வகையை நான்கு முறை மாற்றினேன். எதிலும் தாமதம் இல்லை.

மனைவி கணினி ஆட்டத்தில் லாரி ஓட்டிக்கொண்டிருக்கும்வரை, அதை நேரலையாகக் காட்டும் அவளுடைய சேனலின் தலைப்புக்குக் கீழே 'லாரி ஓட்டம்' என்று இருக்க வேண்டும். ஆட்டத்தில் வரும் ஓய்விடத்தில் வண்டியை நிறுத்திவிட்டு அவள் பார்வையாளர்களோடு பேசத் தொடங்கினால், அது 'அரட்டை' என்று மாற வேண்டும். வண்டி மறுபடி கிளம்பினால் பழையபடி 'லாரி ஓட்டம்'. அவளுடைய இரண்டு கைகளும் ஸ்டீயரிங்கில் இருப்பதால், சென்ற மாதம் இந்தப் பொறுப்பை நானாகவே கேட்டு வாங்கிக்கொண்டேன். கூடத்தில் அமர்ந்து என் கைப்பேசியிலேயே மாற்றிவிடுகிறேன். அதற்கு முன் எப்போதும் 'லாரி ஓட்டம்' என்றே கிடந்தது. பேச்சுக்கும் அதே பெயர், ஓட்டத்துக்கும் அதே பெயர்.

மருந்துப் புட்டிகளில் ஒட்டும் விவரச்சீட்டைச் சரிபார்ப்பது என் உத்தியோகம். மேலே ஒன்று எழுதி உள்ளே வேறொன்று இருப்பதை என்னால் பார்த்துக்கொண்டு சும்மா இருக்க முடிவதில்லை. மைத்துனன் கேலி செய்கிறான்: "அத்தான், தூங்கும்போது நெத்தியில 'உறக்கம்'னு சீட்டு ஒட்டிக்குவீங்களா?"

மார்ச் 5, புதன்

பேச்சுப் பயிற்சி தரும் அம்மையார் இன்று சற்றுக் கடுமையாகவே பேசினார். "தினம் அரை மணி நேரமாவது வாய்விட்டுப் பேசணும்மா. குசுகுசுப்பெல்லாம் கணக்குல வராது. இப்படியே சும்மா வச்சிருந்தா குரல்நாண் இறுகிப்போகும். அப்புறம் மறுபடியும் கத்தி வைக்கிறதத் தவிர வழியில்ல." அடுத்த மாதத் தொடக்கத்தில் சோதித்துப் பார்த்து முடிவெடுப்பார்களாம்.

மனைவி தலையை மட்டும் ஆட்டினாள்.

பேருந்து நிலையத்தில் அறிவிப்பாளராக இருந்தவள். கழுத்து அறுவை சிகிச்சைக்குப் பிறகு திரும்பி வந்தது வேறொரு குரல்: கரகரப்பாக, பாதிச் சொல்லில் உடைந்துபோகிற குரல். வேலையை விட்டாள். பக்கத்து வீட்டாரிடம் சிரிப்போடு சரி. தொலைபேசி அடித்தால் என்னிடம் நீட்டுகிறாள். வீட்டில் சைகையும் முணுமுணுப்பும்தான். நேரலையில் மட்டும் பேசுகிறாள். முகம் காட்டுவதில்லை, பழைய குரலை அங்கே யாருக்கும் தெரியாது. 'லாரி அக்கா' என்றுதான் அழைக்கிறார்கள். ஓய்விடத்தில் வண்டியை நிறுத்திக்கொண்டு, இல்லாத ஊர்களுக்கு இல்லாத பேருந்துகளை அறிவிப்பாள். 'பஞ்சர்' என்ற பெயரில் வரும் ஒரு பார்வையாளர், தன் மாமியார் வீட்டுக்கு வண்டி உண்டா என்று தினமும் கேட்பார். "மாமியார் வீட்டு வண்டி காலவரையின்றி ரத்து செய்யப்பட்டுள்ளது" என்பாள்.

அந்த அரை மணி நேரத்தை நம்பித்தான் இருக்கிறோம்.

மார்ச் 9, ஞாயிறு

இரவுச் சாப்பாட்டின்போது, தட்டைப் பார்த்தபடியே சொன்னாள்: "நான் பேச ஆரம்பிச்சா போயிடறாங்க."

யார்?

"எல்லாரும். திரை மூலையில எண்ணிக்கை வருதுல்ல, ஓட்டும்போது நூத்தி இருபது பேர் நிக்கிறாங்க. வண்டிய நிறுத்திட்டு வாயத் திறந்தா நாப்பது. பழையபடி ஓட்டினா மெதுவா வர்றாங்க. எஞ்சின் சத்தத்தக் கேப்பாங்களாம், என் சத்தம்தான் ஆகாதாம்."

தற்செயலாக இருக்கும் என்றேன். தினமுமா, என்று கேட்டாள். நானும் கூடத்தில் அமர்ந்து அந்த எண் சரிவதைப் பார்த்துக்கொண்டுதானே இருக்கிறேன். எனக்கும் அதே எண்ணம் வந்தது என்பதை இங்கே மட்டும் எழுதுகிறேன்.

மார்ச் 12, புதன்

ஓய்விடங்களைத் தாண்டித் தாண்டிப் போனாள். எங்கும் நிறுத்தவில்லை.

மார்ச் 14, வெள்ளி

மைக்கை அணைத்துவிட்டு ஓட்டுகிறாள். வெறும் எஞ்சின் ஓசை. 'அக்கா, மைக் செத்துப்போச்சா?' என்று பஞ்சர் எழுதினார். 'ஆம்' என்று விசைப்பலகையில் தட்டினாள். அவ்வளவுதான்.

எனக்கு மாற்றுவதற்கு வேலையே இல்லை. தொடக்கம் முதல் முடிவு வரை 'லாரி ஓட்டம்', முற்றிலும் சரியாக. ஒரு கணம் நிம்மதியாகக்கூட இருந்தது. சே, என்ன மனிதன் நான்? வீட்டில் மூன்று நாட்களாக ஒரு முழு வாக்கியம் கேட்கவில்லை. சோதனைக்கு மூன்றே வாரம். இன்னொரு முறை அந்த மேசைமேல் இவளைப் படுக்கவைப்பதா? போன முறை வெளியே பெஞ்சில் உட்கார்ந்திருந்ததே போதும்டா சாமி.

மார்ச் 16, ஞாயிறு

மைத்துனன் வந்திருந்தான். அவள் உள்ளே ஓட்டிக்கொண்டிருக்க, நாங்கள் இருவரும் கூடத்தில் இருந்தோம். அக்கா பேசுவதை நிறுத்திவிட்டாள் என்று சொன்னேன்.

"நான் எங்க கேட்டேன் அத்தான்? அக்கா வண்டிய நிறுத்தினதும் என் போன்ல ஒரு தாடிக்காரன் வந்துடறான்."

எந்தத் தாடிக்காரன்?

"எவனோ. அவனும் லாரிதான் ஓட்டுறான். நான் லாரிப் பட்டியலத் தொறந்து அப்படியே விட்டுருவேன். அக்காதான் ஓடிட்டு இருப்பா. திடீர்னு காணாம போயிடுவா, தாடிக்காரன் வந்து நிப்பான். அக்கா கடைய மூடிட்டா போலன்னு நானும் சாப்பிடப் போயிடுவேன்."

என் கைப்பேசியில் அந்தப் பட்டியலைத் திறந்து பார்த்தேன். பார்வையாளர்களில் பெரும்பாலோர் இவனைப் போலத்தான் வருகிறார்கள்: ஆட்டத்தின் பட்டியலைத் திறந்து, அதில் ஓடும் சேனலைப் பார்க்கிறார்கள். வகை மாறிச் சேனல் அந்தப் பட்டியலைவிட்டு விலகினால், அதே பட்டியலில் உள்ள அடுத்த சேனல் அவர்கள் திரைக்குத் தானாக வந்துவிடுகிறது. விலக்கியது யார்? நான். அவள் வாய் திறந்த ஒவ்வொரு முறையும், உரிய நேரத்தில், தாமதமின்றி.

யாரும் எழுந்து போகவில்லை. அவள் குரலை அவர்கள் கேட்கவே இல்லை.

மார்ச் 17, திங்கள்

சொல்லிவிட்டேன். தாடிக்காரன் உட்பட எல்லாவற்றையும். பொறுமையாகத்தான் கேட்டாள்.

"கல்யாணம் ஆன நாள்லேருந்து எனக்காக ஒரு பொய் சொல்லமாட்டீங்களான்னு ஏங்கியிருக்கேன். கடைசியில சொல்லிட்டீங்க. சந்தோஷம்." முணுமுணுப்புதான், ஒவ்வொரு சொல்லும் விழுந்தது.

பொய் இல்லை என்றேன்.

"தம்பியையும் கூட்டு சேத்துக்கிட்டீங்களாக்கும்."

பேசிக் காட்டு, நான் வகையை மாற்றாமல் இருக்கிறேன், நீயே பார் என்று கெஞ்சினேன். கையெடுத்துக் கும்பிட்டுவிட்டு அடுக்களைக்குள் போய்விட்டாள்.

என் பேச்சை நம்பாத ஒரே சந்தர்ப்பம் இதுவாகவா இருக்க வேண்டும்?

மார்ச் 20, வியாழன்

அலுவலகத்தில் ஒரே சீட்டை எத்தனை முறை படித்தேன் என்று தெரியவில்லை. அவள் பேசமாட்டாள் என்றால், வேறு யாராவதுதான் அந்த மைக்கின் முன் பேசிக் காட்ட வேண்டும். மைத்துனனைக் கூப்பிட்டால் நாடகம் என்பாள். மிஞ்சுவது ஒருவர்தான். நான் அந்த மைக்கைத் தொட்டதுகூட இல்லை.

மார்ச் 22, சனி

வரிசையாக எழுதிவிடுகிறேன்.

நேரலை நடுவே உள்ளே போனேன். ஓய்விடத்தில் நிறுத்தும்படி சைகை காட்டினேன். முறைத்தாள், நிறுத்தினாள். மைக்கை என் பக்கம் திருப்பிப் பொத்தானை அழுத்தினேன். திரை மூலையில் நூற்றுப் பதினெட்டு.

"வணக்கம். நான் லாரி அக்காவின் கணவன். இன்று இருமல் மருந்துப் புட்டியில் எழுத்தின் உயரம் எவ்வளவு இருக்க வேண்டும் என்பதைப் பற்றிச் சில சொற்கள்" என்று தொடங்கிவிட்டேன். வேறு எதுவும் நினைவுக்கு வரவில்லை. எனக்கே என் குரல் யாருடையதோ போலிருந்தது. 'அக்கா, வீட்ல ஹெட்மாஸ்டரா வச்சிருக்கீங்க?' என்று பஞ்சர் எழுதினார். 'தூக்கம் வராதவங்க ஓடி வாங்க' என்றார் இன்னொருவர். ஆனால் எண் குறையவில்லை. நூற்றுப் பதினெட்டு, நூற்றுப் பத்தொன்பது. பிறகு நூற்று இருபத்திரண்டு. இருமல் மருந்துக்கு!

அவள் எண்ணையே பார்த்துக்கொண்டிருந்தாள். என் கைப்பேசியை அவள் கையில் கொடுத்து, "இப்ப நீயே 'அரட்டை'ன்னு மாத்து" என்றேன். மாற்றினாள். நான் காலாவதித் தேதி எழுதும் முறைக்கு வந்திருந்தேன். தொண்ணூறு. எழுபது. நாற்பத்தொன்று. அந்த நேரம் பார்த்து அவள் கையிலிருந்த என் கைப்பேசியே அடித்தது. பதறிப்போய் எடுத்துவிட்டாள். மைத்துனன்; நான் சொல்லி வைத்ததல்ல: "அத்தான், நல்லாத்தானே பேசிட்டிருந்தீங்க, மறுபடி தாடிக்காரன் வந்துட்டான்!"

அழைப்பை வைத்துவிட்டு 'லாரி ஓட்டம்' என்று திரும்ப மாற்றினாள். எண் மெல்ல ஏறத் தொடங்கியது. அவள் என் பக்கம் திரும்பினாள்.

"ஒரு மாசமா!" என்றாள். உடைந்த குரல்தான், ஆனால் அறை முழுக்கக் கேட்டது. "ஒரு மாசமா நான் தலகாணியில மூஞ்சியப் பொத்திட்டு அழுதுட்டிருக்கேன், நீங்க கூடத்துல கால நீட்டி உக்காந்து சீட்டு ஒட்டிட்டிருந்திருக்கீங்க! யாரு கேட்டா உங்கள? என் லாரி, என் சேனல், நான் நிறுத்துவேன், பேசுவேன், படுத்துத் தூங்குவேன், உங்களுக்கு என்ன?"

மைக் என்று சொல்லப் பார்த்தேன்.

"என்ன மைக்கு? கேக்கட்டும்! இந்த மனுஷன் பருப்பு டப்பாவுல பருப்புன்னு ஒட்டுவார், கடல டப்பாவுல கடலன்னு ஒட்டுவார், அது கண்ணாடி டப்பாங்க, கண்ணாடி டப்பா!"

நான் நின்றேன். அவள் நிறுத்தவில்லை. இடையிடையே குரல் அடைத்துக்கொண்டது. இருமிவிட்டு விட்ட இடத்திலிருந்து தொடர்ந்தாள். முதலில் எனக்காகத் திட்டினாள், பிறகு பார்வையாளர்களுக்காகத் திட்டினாள், சிரிப்பும் வந்துவிட்டது. எண் இருநூறைத் தாண்டியதை நான்தான் பார்த்தேன். அவள் பார்க்கவில்லை.

மார்ச் 23, ஞாயிறு

அவளுக்குத் தொண்டை கட்டிக்கொண்டது. வெந்நீர் வைத்துக் கொடுத்தேன். குடித்துவிட்டு மிச்சத்தையும் திட்டினாள்.

மார்ச் 27, வியாழன்

ஒருவர் புகார் எழுதியிருக்கிறார்: 'லாரி முக்கால் மணி நேரமாக நிற்கிறது. இது அரட்டை. வகை தவறு.' அவர் எழுதியது ஓர் எழுத்துப் பிசகாமல் சரி. மாற்றும் உரிமை இன்னும் என்னிடம்தான் இருக்கிறது. கைப்பேசியை அலமாரிக்குள் வைத்துவிட்டு, மொட்டைமாடிக்குப் போய்த் துணி எடுத்து வந்தேன்.

ஏப்ரல் 4, வெள்ளி

சோதனை முடிந்தது. அம்மையார் ஒரு பத்தியை உரக்கப் படிக்கச் சொன்னார். தொண்டை மருத்துவரும் உள்ளே கருவியை விட்டுப் பார்த்தார். இப்போதைக்கு அறுவை தேவையில்லை. மூன்று மாதம் கழித்து வந்தால் போதும். "யார்கிட்டம்மா இவ்வளவு பேசினே?" என்றார். "இவரத் திட்டினேன், டாக்டர்" என்றாள்.

திரும்பும் வழியில் பேருந்தில் கூட்டம். ஜன்னலோரம் அமர்ந்து, ஏறியதிலிருந்து பேசிக்கொண்டே வந்தாள். முன்இருக்கைக்காரர் இப்படிக் கரகரப்பது யார் என்று திரும்பிப் பார்த்தார். கொஞ்சம் மெதுவாக, என்று சொல்ல எனக்கு நாக்கு நுனிவரை வந்துவிட்டது. சொல்லவில்லை. அவள் அவரை நேராகப் பார்த்தபடியே வாக்கியத்தை முடித்தாள். அவர்தான் திரும்பிக்கொண்டார்.