கயிற்றில் வைத்த கை

மாதகல்,
ஞாயிற்றுக்கிழமை.

அன்புள்ள வின்சன்ற் அண்ணைக்கு,

எல்லாரும் சுகம் என்று எழுதினால் பொய். அம்மாவும் நானும் சுகம். அப்பாவைப் பற்றித்தான் இந்தக் கடிதம். போனில் கதைத்தால் பக்கத்தில் வந்து நிற்கிறார். அதனால் எழுதி, படம் எடுத்து அனுப்புகிறேன்.

நெஞ்சுவருத்தம் வந்த பிறகு அவர் பாரம் இழுக்கக்கூடாது என்று டொக்டர் சொன்னது உங்களுக்குத் தெரியும். அதற்காகத்தான் பழைய லொறி கியர்பெட்டியில் உருளை ஒன்று செய்து கரையில் பூட்டினேன். இரண்டு பேர் பிடியைச் சுற்றினால் கயிறு சுருண்டு, கடலில் வளைத்த எங்கள் கரைவலை கரைக்கு வந்து சேரும். என் கணக்குப் பிழைக்கவில்லை, சனம்தான் பிழை. இழுக்கத் தேவையில்லை என்று சொல்லியும் வழமைபோல வந்து, ஓடுகிற கயிற்றில் கையை வைத்தபடி கூடவே நடந்தார்கள். கயிற்றில் கை வைத்தவருக்கு மீன் பங்கு, அது ஊர் வழக்கம். அப்பாவும் எல்லாருக்கும் அள்ளிக் கொடுத்தார்.

எனக்குப் பொறுக்கவில்லை. வியாழக்கிழமை அப்படிக் கை வைத்து நடந்த அருமைநாயகி அக்காவிடம், "அக்கா, நீங்கள் கயிறை இழுக்கேல்லை, கயிறுதான் உங்களை இழுத்துக்கொண்டு போகுது" என்றேன். எல்லாரும் சிரித்தார்கள். அவ கையை எடுத்தா. "ஓமடா தம்பி, உன்ரை உருளைக்கே குழம்பு வைச்சுக் குடு" என்று சொல்லிவிட்டு வெறும் பையோடு போய்விட்டா.

அன்றிலிருந்து அப்பா வீட்டில் மீன் தொடுவதில்லை. சோறும் சொதியும்தான். கேட்டால், "கடலிலை கிடக்கிற மீன் ஆருடையதடா? நானும்தான் கயிறிலை கை வைக்கேல்லை. அவவுக்கு இல்லாத பங்கு எனக்கென்னத்துக்கு?" என்கிறார்.

நேற்று அக்காவிடம் போய், திரும்பவும் கயிற்றுக்கு வரச்சொல்லிக் கூப்பிட்டேன். ஒரு கிழி கிழித்துவிட்டு, வாறன் என்றா. அப்பா மட்டும் மசியவில்லை. "சனத்தைப் பிழை பிடிச்ச வீடு முதல்லை தான் இழுத்துக் காட்டவேணும்" என்று உருளையைக் கழற்றி மணலில் போட்டுவிட்டார். நாளை விடிய வலை வளைக்கிறார்கள். தானே முதல் ஆளாய்க் கயிறு பிடிப்பாராம். அம்மா செபமாலையோடு இருக்கிறா. எனக்குச் செபம் வராது, கோபம்தான் வருகிறது. இருக்கவும் முடியவில்லை, படுக்கவும் முடியவில்லை.

அண்ணை, பாரிசில் என்ன நேரமென்றாலும், இங்கே விடியமுதல் அவருக்குப் போன் எடுங்கள். பிடிக்க வேண்டாம் என்று மட்டும் சொல்லாதீர்கள், அதற்குப் பணியமாட்டார். "நான் ஊருக்கு வந்து உங்களோடு சேர்ந்து பிடிக்கிறன், அதுவரைக்கும் கயிறைத் தொடாதேங்கோ" என்று சொல்லுங்கள். பொய் என்றாலும் பரவாயில்லை.

மெய் என்றால் திகதியையும் சொல்லுங்கள்.

உங்கள் எல்லாருக்கும் மாதா துணை.

தம்பி,
ஜஸ்ரின்