யானையை முதலில் தொட்ட கை

அன்புள்ள பெரியவளுக்கு அம்மா எழுதுவது. இங்கே நான், அப்பா, சின்னவன் மூவரும் சுகம், அப்பாவின் முழங்கால் மட்டும் சுகமில்லை, அது எப்போது சுகமாக இருந்தது. நீ வேளைக்குச் சாப்பிட்டுத் தூங்கி நல்லபடியாக இருக்கிறாய் என்று நம்பித்தான் எழுதுகிறேன், இல்லையென்றால் இதை ஓரமாக வைத்துவிட்டு முதலில் போய்ச் சாப்பிடு. போன் இருக்கும்போது அம்மா எதற்குக் கடிதம் எழுதுகிறாள் என்று யோசிப்பாய். போனில் நான் வாயெடுத்தாலே "சரிம்மா, சரிம்மா" என்று வைத்துவிடுகிறாய், காகிதத்தை அப்படி வைக்க முடியாது.

மாடிப்படி ஏறக் கூடாது என்று டாக்டர் சொன்ன மறுநாளே அப்பா தண்ணீர்த் தொட்டி கழுவ ஏறிவிட்டார், கேட்டால் "இறங்கும்போதுதான் வலிக்குது, ஏறும்போது ஒண்ணுமில்ல" என்கிறார். சின்னவனுக்கு வேலை நிரந்தரமாகிவிட்டது, வாயெல்லாம் பல்லாகத் திரிகிறான். நான் வழக்கம்போல மூக்குக்கண்ணாடிக் கடையில் லென்ஸ் தேய்க்கிறேன், புது இயந்திரம் ஒன்று வாங்கியிருக்கிறார்கள், அதற்கு என்னைவிட முன்கோபம், கொஞ்சம் அழுத்தினால் நின்றுவிடுகிறது.

விஷயத்துக்கு வருகிறேன். "போதும்மா, ஆடினது போதும், ஒரு ஸ்கூல்ல செஸ் சொல்லித்தர வேலைக்குக் கூப்பிடுறாங்க, மாசக் கடைசிக்குள்ள பதில் சொல்லணும், அடுத்த போட்டிக்குப் பேர் கொடுக்கல" என்று நாலே வரி அனுப்பியிருந்தாய். அதைக் கடையிலேயே படித்தேன், அன்றைக்கு ஒரு லென்ஸ் உடைந்தது. கிராண்ட்மாஸ்டர் பட்டத்துக்கு மூன்று பெரிய போட்டிகளில் தேற வேண்டும், இரண்டில் தேறிவிட்டாய், மூன்றாவதில் கடைசி ஆட்டத்தை டிரா செய்திருந்தால் போதும், இதெல்லாம் எனக்கு மனப்பாடம். அந்த ஆட்டத்தின் வீடியோவைச் சின்னவன் கம்ப்யூட்டரில் போட்டுக் காட்டினான். கடிகாரத்தில் எட்டு விநாடி, உன் ராஜா நடுக் கட்டத்தில் பாதுகாப்பில்லாமல் நிற்கிறார், ராஜாவையும் மூலை யானையையும் ஒரே நகர்த்தலில் மாற்றி வைத்துக் கோட்டை கட்டிவிட்டால் தப்பித்துவிடுவார். உன் கை போகிறது, போய் யானையைத் தொடுகிறது. எதிரே இருந்தவர் கடிகாரத்தை நிறுத்தி நடுவரைக் கூப்பிட்டார். கோட்டை கட்டும்போது ராஜாவைத்தான் முதலில் தொட வேண்டும், யானையைத் தொட்டால் யானையை மட்டும்தான் நகர்த்தலாம். நீ ஒரு வார்த்தை வாதாடாமல் நகர்த்தினாய், ஆறாவது நகர்த்தலில் எல்லாம் முடிந்துவிட்டது.

சின்னவன் "அக்கா எப்படி இப்படிப் பண்ணா" என்று தலையில் கை வைத்துக்கொண்டான். அந்தக் கையை எனக்குத் தெரியும், அது என் கை. உனக்கு ஏழு வயதில் சமையலறைத் தரையில் பலகையை விரித்துச் சொல்லிக் கொடுத்தது நான்தான், எனக்குச் சொல்லிக் கொடுத்தது உன் மாமா. கோட்டை கட்டுவது என்று பேர் இருக்கிறது அல்லவா, கோட்டையைக் கட்டாமல் ராஜா எப்படிக் குடிபோவார், முதலில் யானையை நகர்த்திச் சுவரை எழுப்பு, அப்புறம் ராஜாவை உள்ளே கொண்டு போ என்பது எங்கள் வீட்டு நியாயம். பேரை நம்பி ஆடிய குடும்பம். பிறகு உன் பயிற்சியாளர் அதைத் திருத்தி நீயும் சரியாகவே ஆடினாய், ஆனால் அந்த எட்டு விநாடியில் உன் கை ஏழு வயதுக்குப் போய்விட்டது.

அன்றிலிருந்து நான் என்ன செய்கிறேன் தெரியுமா, சிரிக்காதே. கடையிலிருந்து வந்து முகம் கழுவியதும் பலகையை வைத்து ஐம்பது தடவை கோட்டை கட்டுகிறேன். அப்பா நாற்காலியில் உட்கார்ந்து எண்ணுகிறார், வேண்டுமென்றே "சீக்கிரம், சீக்கிரம், நேரம் போச்சு" என்று கத்துகிறார், நல்ல நடுவர் வாய்த்தார் எனக்கு. முதல் நாள் ஐம்பதில் பத்தொன்பது தடவை யானையைத் தொட்டேன். நேற்று இரண்டு. ஐம்பத்தெட்டு வயதில் என் கை வழிக்கு வருகிறது, உன்னுடையது வராதா.

சொல்லிக் கொடுக்கும் வேலையை நான் மட்டமாகச் சொல்லவில்லை. ஆசைப்பட்டுப் போவதானால் நானே பெட்டி கட்டித் தருகிறேன். ஆனால் இந்த ஒரு ஆட்டத்துக்கு வெட்கப்பட்டுப் போகிறாய் என்றால் நான் சம்மதிக்க மாட்டேன். பன்னிரண்டு வயதில் காய்ச்சலோடு ஆடிக் கோப்பை வாங்கியவள் நீ, பத்தொன்பதில் பெண்கள் பட்டம், போன வருஷம் அந்தப் பெரிய ஆட்டக்காரரை ஏழு மணி நேரம் எழுந்திருக்க விடாமல் உட்கார வைத்து ஜெயித்தாய். இவ்வளவையும் எட்டு விநாடிக்குக் கொடுத்துவிட முடியாது.

இன்னொன்றும் சொல்ல வேண்டும், இத்தனை வருஷம் சொல்லாமல் இருந்துவிட்டேன். உனக்கு ஒன்பது வயதில் அந்தப் பயிற்சியாளர் எல்லாப் பிள்ளைகள் முன்னாலும் "யார் உனக்கு இப்படித் தப்பாச் சொல்லிக் கொடுத்தது" என்று கேட்டார். நான் வாசலில் உன் செருப்பைப் பிடித்துக்கொண்டு நின்றிருந்தேன். நீ என்னை ஒரு தடவை பார்த்துவிட்டு "யாரும் சொல்லல சார், நானாத்தான்" என்றாய். நான் வாயைத் திறக்கவில்லை, எனக்கு வெட்கமாக இருந்தது. இப்போதும் ஆட்டம் முடிந்து பேட்டி எடுத்த பத்திரிகைக்காரரிடம் "என் கவனக்குறைவு" என்று சொல்லியிருக்கிறாய். எனக்காக நீ பழி ஏற்றது போதும், கண்ணு. அடுத்த போட்டிக்குப் போய் உட்கார், யாராவது கேட்டால் அம்மா சொல்லிக் கொடுத்தது என்று தலை நிமிர்ந்து சொல்.

பெயர் கொடுக்கக் கடைசி நாள் இருபத்தாறு என்று சின்னவன் பார்த்துச் சொன்னான், மறந்துவிடாதே. குளிருக்குக் காலுறை போட்டுக்கொள். நீ தொட்டது துலங்க வேண்டும், நீண்ட ஆயுளோடும் மனத்தெம்போடும் நன்றாக இருக்க வேண்டும்.

இப்படிக்கு,
உனக்குத் தப்பாகக் கோட்டை கட்டச் சொல்லிக் கொடுத்த
அம்மா