ஒன்பதாவது பாட்டு

அன்புள்ள அம்மாவுக்கு,

நான் சுகம். உங்கள் மூட்டுவலியும் அப்பாவின் இருமலும் குறைந்ததா? போனில் பேசினால் குரல் காட்டிக்கொடுத்துவிடும் என்பதால் எழுதுகிறேன்.

கொழும்பில் நான் வயர் மாட்டும் வேலை பார்க்கும் வீடியோ கேம் கம்பெனி ஒரு பாட்டு ஆல்பம் வெளியிட்டிருக்கிறது. பாதி புதுப் பாட்டு, பாதி பழைய பாட்டுகளை மறுபடி பாடியது. ஒன்பதாவது என் குரல்! காமன் கூத்தில் காமன் எரிந்ததும் ரதி வேஷம் கட்டி நான் பாடும் ஒப்பாரிதான்; மைக் வயரைச் சோதிக்க நான் பாடியதைப் பதிந்துகொண்டார்கள். விளையாட்டில் ஆள் குகைக்குள் மாட்டிக்கொள்ளும்போது அது ஒலிக்கிறது.

அதைப் புதுப் பாட்டு என்று போட்டிருந்தார்கள்.

"இது எங்க தேயிலைத் தோட்டத்துப் பழைய பாட்டுங்க" என்றேன்.

"இதுக்கு முன்னாடி யாரும் ரெக்கோர்ட் பண்ணலையே, அப்ப கம்பெனி பாட்டுத்தான்" என்று மேனேஜர் சிரித்தார்.

காலையில் பெரட்டில் வேலைக்குப் பேர் கொடுப்பது போல நினைத்து, அவர்கள் நீட்டிய பேப்பரில் படிக்காமலே கையெழுத்துப் போட்டிருக்கிறேன். மூன்று வருஷத்துக்கு அதை வேறெங்கும் பாடக்கூடாதாம். பெரிய விஷயமில்லை, கவலைப்படாதீர்கள்.

இங்கே அறைக்கு ஜன்னல் இல்லை, ஏசி குளிர். என் ஸ்வெட்டரை பஸ்ஸில் கொடுத்துவிடுங்கள். ரதி சேலையைப் பக்கத்து லயத்து வீட்டு நிரோஷனிடம் கொடுங்கள், இந்த வருஷம் அவன் கட்டட்டும். மாசியில் கூத்துக்கு வருவேன், கூட்டத்தோடு நிற்பேன். ரதி அழும் இடத்தில் என் பக்கம் திரும்பாதீர்கள், அம்மா.

கூப்பிடுகிறார்கள்.

மகன்
பிரதாப்