நிலவறைக்காக வெட்டிய குழியில் நுரை

அன்பு மகனுக்கு,

அம்மா எழுதிக்கொள்வது. நானும் உன் அப்பாவும் உடலளவில் சௌக்கியம். மனத்தளவில் எவ்வாறு என்பதை இக்கடிதமே தெரிவிக்கும். நீயும் மருமகளும் பேத்தியும் குறைவின்றி இருப்பீர்கள் என்ற நம்பிக்கையில் மேலே எழுதுகிறேன். தொலைபேசி இருக்கக் கடிதம் எதற்கு என்று எண்ணாதே. நீ அழைத்தால் உன் அப்பா ஸ்பீக்கரைப் போட்டுக்கொண்டு என் பக்கத்திலேயே உட்கார்ந்துவிடுகிறார். இது அவர் கேட்கக் கூடாத செய்தி.

நிற்க. நம் புது வீட்டின் சுவர்களும் கூரையும் தொழிற்சாலையில் ஆயத்தமாகிவிட்டன. அடுத்த மாதம் மூன்று லாரிகளில் வரும், கிரேன் வைத்து இரண்டே நாளில் பொருத்திவிடுவார்களாம். அதன் அடியில் நிலவறை வேண்டுமா, வெறும் கான்கிரீட் தளம் போதுமா என்பதை வரும் திங்களன்று மண் தோண்டப் பொக்லைன் வருவதற்குள் நாம் உரைத்தாக வேண்டும்; வீட்டை வைத்த பின் தோண்ட இயலாது. நிலவறையை முதலில் கேட்டவள் நான்தான். பாதி நீங்கள் வந்தால் தங்குவதற்கு, பாதி என் புத்தகங்களுக்கு. ஐந்தாம் வகுப்போடு நின்றவள், நூலகமே பள்ளியாகப் பயின்றவள், கதவைச் சாத்திக்கொண்டு படிக்க ஓர் அறையை விரும்பியது பிழையா சொல். உன் அப்பாவும் வருவோர் போவோரிடமெல்லாம், "எம் பையன் வந்தா கீழ அவனுக்குத் தனி வீடே இருக்கும் பாத்துக்கங்க" என்று மார்தட்டிக்கொண்டிருந்தார்.

நிலத்தடி நீரின் உயரம் அறியாமல் நிலவறை கட்டலாகாது என்று படித்திருந்தேன். ஆகவே, இப்போதைய வாடகை வீட்டை ஒட்டியுள்ள நம் மனையில் ஆளுயரக் குழி வெட்டச் செய்து, அளவு கீறிய கழியை நட்டு, காலைதோறும் பார்த்து நோட்டில் குறித்தேன். நான்கு நாள் உலர்ந்து கிடந்தது. ஐந்தாம் நாள் நான்கு விரற்கடை நீர், ஆறாம் நாள் ஒரு சாண். மழையோ துளியும் இல்லை. பதறிப்போய் எஞ்சினியரை வரவழைத்தேன். நிழலிலும் மஞ்சள் தொப்பியைக் கழற்றாத அந்த மனிதர் குனிந்து பார்த்துவிட்டு, "என்னம்மா, தண்ணி மேல சோப்பு நுரை மிதக்குது? பூமிக்குள்ள யாரு துணி துவைக்கிறாங்க?" என்றார். உன் அப்பா வானத்தைப் பார்த்தபடி, "பக்கத்து வீட்டுக்காரங்க ஊத்தியிருப்பாங்க" என்றார். துணி அலசிய வாளி நம் வீட்டுப் பின்வாசலில் ஈரமாக நின்றது. "தண்ணியே வந்தாலும் கவல இல்ல சார், பூச்சு பூசி பம்ப் வச்சுடலாம்" என்று எஞ்சினியர் சொன்னதும் உன் அப்பாவின் முகம் சுருங்கிவிட்டது.

அவர் சட்டையைத் துவைக்கப் போட்டபோது பையிலிருந்த மருத்துவர் சீட்டைப் படித்த பிறகே, குழியில் அவர் ஏன் நீர் ஊற்றுகிறார் என்பது எனக்கு விளங்கிற்று. முழங்கால் தேய்ந்துவிட்டது, படிக்கட்டு ஏறி இறங்கக் கூடாது என எழுதி ஆறு மாதமாகிறது. மாதிரி வீடு பார்க்கப் போனபோது, "நீ கீழ போய்ப் பாத்துட்டு வா, நான் ஜன்னல பாக்குறேன்" என்று மேலேயே நின்றதும் அதனால்தான். ஊரெல்லாம் பெருமை பேசியாயிற்று, இப்போது முடியாது என்று சொல்ல அவருக்கு வாய் வரவில்லை. நிலவறை வேண்டாமென்று நான் சொன்னாலும், அந்த அறைமேல் எனக்குள்ள ஆசையை அறிந்தவர், தமக்காகவே விட்டுக்கொடுக்கிறேன் என்று கண்டுகொள்வார். பிறகு பிடிவாதமாகக் கட்டியே தீருவார்.

ஆதலால் ஞாயிறன்று அழைக்கும்போது நீயே சொல்லிவிடு. பேத்தி தரைக்குக் கீழே படுக்கப் பயப்படுகிறாள், கூடத்தில் பாய் போட்டுக்கொள்கிறோம் என்று சொல். முழங்காலைப் பற்றி மூச்சு விடாதே. என் புத்தகங்களுக்குக் கூடத்துச் சுவர் போதும். போதும் என்று எழுதிவிட்டேனே தவிர, இக்கடிதத்துக்கிடையே மூன்று முறை எழுந்து போய், அந்தப் படிகள் எங்கே இறங்கியிருக்கும் என்று மனையைப் பார்த்து வந்தேன். திங்கள் கடந்தால்தான் இந்த அலைச்சல் ஓயும் போலிருக்கிறது.

நேரத்துக்குச் சாப்பிடு. மருமகளின் முதுகுவலிக்கு நாற்காலியை மாற்றித் தா. மூவரும் நீடூழி வாழ்க. பதில் கடிதம் எழுதாதே, அவர்தான் முதலில் பிரிப்பார்.

இப்படிக்கு,
உன் அன்பு அம்மா

பின்குறிப்பு: இன்று காலை குழியில் நீர் இரண்டு சாண். நுரை இல்லை. இம்முறை நல்ல தண்ணீராகவே ஊற்றியிருக்கிறார். நோட்டில் குறித்துவிட்டு, அவர் காதில் விழும்படி, "அடேயப்பா, ஊத்து பலமா இருக்கே" என்று சொல்லி வைத்தேன்.