ரத்தினம் சாரின் பதினான்கு மாதங்கள்

மணிமங்கலம்,
18-2-1973.

செங்கமலத்துக்கு,

சந்திரம்மாள் எழுதுகிறேன். என் கையெழுத்தைப் பார்த்ததும் கவரைப் பிரிக்காமல் வைத்துவிடுவாயோ என்று நினைத்தேன். பிரித்துவிட்டால் கடைசிவரை படி. வேலூரில் நீயும் வீட்டுக்காரரும் குழந்தையும் சௌக்கியம் என்று உன் தம்பி சொன்னான்.

நம் கேஸில் தீர்ப்பு வந்துவிட்டது. பதினான்கு மாதச் சம்பளத்தையும் எட்டு வாரத்துக்குள் எனக்குக் கொடுக்கவேண்டும் என்று ஹைகோர்ட் உத்தரவு போட்டிருக்கிறது. நம் தற்காலிக வேலைக்கு நீட்டிப்பு ஆணை வராதது சர்க்காரின் தாமதம், அதற்காக வேலை செய்தவர்களைப் பட்டினி போடக்கூடாது என்று நீதிபதி எழுதியிருக்கிறாராம். வக்கீல் ஸ்ரீநிவாசராகவன் படித்துத் தமிழில் சொன்னார். சந்தோஷப்படவேண்டிய நாள். எனக்கு வாயெல்லாம் கசந்தது.

வேப்பஞ்சேரிப் பள்ளிக்கூடத்தில் நீ, நான், ரத்தினம் சார் மூன்று பேரும் சம்பளமில்லாமல் பாடம் நடத்தினோம். சேர்ந்துதான் வக்கீல் நோட்டீஸ் கொடுத்தோம், மனுவில் கையெழுத்துப் போட்டோம். திடீரென்று நீ விலகி, உன் பாக்கியை வாங்கிக்கொண்டு மாற்றலாகிப் போனபோதுகூட நான் கோபப்படவில்லை. வயிற்றில் பிள்ளை, வீட்டுக்காரர் தூரத்தில். போகட்டும் என்றுதான் ரத்தினம் சாரிடம் சொன்னேன்.

ஆனால் நமக்குச் சம்பளம் தரவேண்டிய பஞ்சாயத்து யூனியன் ஆபீஸ் போட்ட பதில் மனுவோடு உன் கடிதமும் இருந்தது. அந்த மாதங்களில் நாங்கள் இருவரும் பள்ளிக்கே வரவில்லை, ரிஜிஸ்டரில் பிற்பாடு கையெழுத்துப் போட்டோம் என்று, உன் முத்து முத்தான எழுத்தில். கோர்ட் வராந்தாவில் அதைப் படித்த ரத்தினம் சார் கண்ணாடியைக் கழற்றிக் கழற்றித் துடைத்தார். கோட்டை ஸ்டேஷனில் ரயிலேறித் தாம்பரம் வந்தோம். இறங்கும்போது, அந்தப் பொண்ணை யாரோ மிரட்டியிருக்காங்க டீச்சர் என்று மட்டும் சொன்னார்.

எங்களைக் காப்பாற்றியவள் மதிய உணவு சமைக்கிற கிளியம்மாள். தினமும் எத்தனை பிள்ளைகள் சாப்பிட்டார்கள் என்று எழுதி, நானோ அவரோ கையெழுத்துப் போட்ட நோட்டை, ஆபீசில் கேட்டும் அவள் கொடுக்கவில்லை. வாத்தியாரே வராத இஸ்கோலுக்கா தெனம் நூறு புள்ளைங்க வந்து குந்திகினு துன்னுச்சுங்க என்று கேட்டாளாம். அந்த நோட்டை வைத்துத்தான் ஜெயித்தோம்.

ஜெயித்தோம் என்று எழுதிவிட்டேன். ரத்தினம் சார் ஐப்பசியில் போய்விட்டார். மஞ்சள் காமாலை. தாம்பரத்தில் பெரிய டாக்டரிடம் காட்டுங்கள் என்று கெஞ்சினேன். பணம் வரட்டும், பணம் வரட்டும் என்று தள்ளிப்போட்டார். உனக்கு யாரும் சொல்லியிருக்கமாட்டார்கள்.

தீர்ப்புக்கு முன்பே இறந்ததால் அவர் பெயர் மனுவிலிருந்து எடுபட்டுப்போயிற்று; தீர்ப்பு எனக்கு மட்டும்தான். அவர் மனைவி அம்சவல்லி தாலுகா ஆபீசுக்கு நடையாய் நடந்து வாரிசுச் சான்றிதழ் வாங்கி யூனியன் ஆபீசில் தனியாக மனுக் கொடுத்தாள். உன் கடிதம் ஃபைலில் இருக்கிறது, வேலையே செய்யாதவருக்கு எப்படிக் கொடுப்பது என்று திருப்பி அனுப்பிவிட்டார்கள். மறுபடி கேஸ் போட அவள் காதிலும் கழுத்திலும் ஒன்றும் மிச்சமில்லை.

வக்கீலிடம் கேட்டேன். பயத்தில் எழுதிக் கொடுத்தேன், அதில் இருப்பது உண்மையல்ல என்று நீ ஒரு அபிடவிட் கொடுத்தால் போதும் என்கிறார். உன் வேலைக்கு ஆபத்து வராது என்று நான் பொய் சொல்லமாட்டேன். வரலாம். வந்தால் பீஸ் வாங்காமல் உனக்காக வாதாடுவதாகச் சொல்லச் சொன்னார்.

கடிதம் எழுதியது யார் என்று அம்சவல்லிக்குத் தெரியாது. யாரோ ஒரு வாத்தியார் என்றுதான் ஆபீசில் சொல்லியிருக்கிறார்கள். நானும் வாயைத் திறக்கவில்லை. போன வாரம் அவள் என்னிடம், நம்ம செங்கமலம் டீச்சருக்கு இன்னா கொழந்தை என்று கேட்டாள். பெண் என்றேன். நல்லா இருக்கட்டும் என்றாள்.

வக்கீல் ஞாயிற்றுக்கிழமைகளில் வீட்டில் இருப்பார். வேலூர் முதல் பஸ் வரும் நேரத்துக்கு ஸ்ரீபெரும்புதூரில் நிற்பேன். வரும் ஞாயிறு வர முடியாவிட்டால் அடுத்த ஞாயிறும் வந்து நிற்பேன். உன் மகளையும் தூக்கிக்கொண்டு வா. அவள் நூறு வயது இருக்கவேண்டும்.

இப்படிக்கு,
சந்திரம்மாள்