சொல்லிவிட்டு வாங்கிய பருப்பு

12 ஆகஸ்ட் 1995, சனி

போன வாரம் மாடவீதி மளிகைக் கடையில் வாங்கிய துவரம்பருப்பை ஊறவைத்து, பள்ளி லேபில் ஆசிட் விட்டேன். தண்ணீர் ரோஸ் நிறமாகிவிட்டது; மஞ்சள் சாயம் கலந்த கலப்படப் பருப்பு. தங்கைக்கு ஒரு மாதமாக வயிற்றுவலி. சோதனையைப் பற்றி அம்மாவிடம் மூச்சு விடவில்லை. கடை மேல் கேஸ் போட்டு ஜெயித்துவிட்டு அசத்தலாம் என்றிருந்தேன்.

சட்டம் படிக்கும் உஷா அக்கா பருப்பு விஷயத்தைக் கேட்டுச் சிரித்தாள். "துப்பறியும் சிங்கமே! சோதனைக்கு அனுப்பப் போறேன்னு வாங்கறப்பவே கடைக்காரர்கிட்ட சொல்லணும்டா. அப்புறம் அரசாங்க லேப் ரிப்போர்ட்டோட கோர்ட்டுக்குப் போகணும். திருட்டுத்தனமா வாங்கினது செல்லாது."

இன்று போய்ச் சொன்னேன். ஊரறிந்த வாயாடி நான். ஒரே வரியில் சொல்லி முடித்தேன். கடைக்கார அண்ணாச்சி கோபப்படவில்லை. திறந்திருந்த மூட்டையைத் தொடாமல், உள்ளே போய் வெளிறிய வேறு பருப்பு எடுத்துவந்தார்.

"தாராளமா அனுப்புங்க தம்பி. பாப்பாவுக்கு வயித்துவலி தேவலையா?"

அதை நாங்கள் வெளியே யாரிடமும் சொன்னதில்லை.

பொட்டலத்தை உஷா அக்காவிடம் கொடுத்துவிட்டு இருட்டி வந்தபோது வீட்டில் சாம்பார் மணத்தது. "அண்ணாச்சி சாயங்காலம் ரெண்டு கிலோ பருப்பு சும்மாவே கொடுத்தனுப்பினார்டா. தங்கமா இருக்கு பார்," என்றாள் அம்மா. போன வாரப் பருப்பின் அதே மஞ்சள். தங்கை தட்டை வழித்துக்கொண்டிருந்தாள். நான் சாப்பிடாமல் போய்ப் படுத்துக்கொண்டேன்.

இப்போது பக்கத்து அறையில் அவள் முனகுகிறாள். எல்லாவற்றையும் சொல்ல அம்மாவை எழுப்பப் போகிறேன்.