குவிமாடத்தின் கீழே நம் வீடு

எதிர்னே, வெள்ளிக்கிழமை

என் வீட்டுக்காரருக்கு,

புதுப் பள்ளிவாசலின் சாரத்தைப் பிரித்துவிட்டார்கள். அதற்காக நம் வீட்டை இடித்த இடத்தை மிதிக்கமாட்டேன் என்று நீங்கள் பூர்சாவுக்கு ரொட்டிக்கடை வேலைக்குப் போனதிலிருந்து நானும் அந்தப் பக்கம் போகவில்லை. இன்று பக்கத்து வீட்டு நெஃபீஸே இழுத்துக்கொண்டு போய்விட்டாள்.

உள்ளே நுழைந்ததும் வாயைப் பிளந்து அண்ணாந்து பார்த்தேன். அத்தனை பெரிய குவிமாடத்துக்கு நடுவில் ஒரு தூண்கூட இல்லை. எப்படித்தான் நிற்கிறதோ, அல்லாஹ்வுக்குத்தான் தெரியும்.

"வாயை மூடுடி, புறா கூடு கட்டிடப் போவுது!" என்றாள் நெஃபீஸே. அவள் கண்ணும் நிறைந்திருந்தது.

முற்றத்தில் நம் கிணற்றை விட்டுவைத்திருக்கிறார்கள். அதை வைத்து, பள்ளிவாசலுக்குள்ளே நம் பின்னறை இருந்த இடத்தைக் கண்டுபிடித்தேன். கடைசிக் காய்ச்சலில் கிடந்தபோது நம் பிள்ளை இல்யாஸ், "இருட்டா இருக்கும்மா" என்று அழுதானே, அந்த மூலை. இப்போது மேலே வரிசை வரிசையாக ஜன்னல்கள். அங்கே விழுகிற வெளிச்சத்தில் கையை நீட்டிக்கொண்டு வெகுநேரம் நின்றேன். கை சுட்டது.

சுற்றிலும் பள்ளிக்கூடம், மருத்துவமனை, குளியல்கூடம் என்று ஒரு பேட்டையே எழும்பிவிட்டது. ஏழைகளுக்குச் சோறு போடும் மடத்தில் ரொட்டி அடுப்பும் தயார்.

"ரொட்டி சுட ஆளுதான் இல்லம்மா. உனக்குத் தெரிஞ்சவங்க யாராவது இருக்காங்களா?" என்று மடத்துக்காரர் கேட்டார்.

"இருக்காரு, வந்துட்டிருக்காரு" என்று சொல்லிவிட்டேன்.

இப்படிக்கு,
உங்கள் மனைவி